சுவாதியும் பூரமும்: அப்பாவின் நட்சத்திரம், மகளின் நட்சத்திரம்

ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரங்களுக்கு இரண்டு நட்சத்திரப் பெயர்களைச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனி சுவாதி பெரியாழ்வாருக்கு, ஆடிப்பூரம் ஆண்டாளுக்கு. ஆனால் ஆடிப்பூரத் தேர்வடம் பிடித்தவர்களிடம் "சரி, அந்தப் பூரம் வானத்துல எங்க இருக்கு?" என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் பதில் வராது. பஞ்சாங்கத்தில் இருப்பது வானத்திலும் இருக்கிறது என்பதே நமக்கு மறந்துபோச்சு.

முதலில் ஒரு விஷயம். 'இன்று சுவாதி' என்றால் அந்த நட்சத்திரம் இன்றைக்குத்தான் தெரியும் என்று பொருள் இல்லை. நிலா போகும் பாதையை 27 பங்காகப் பிரித்திருக்கிறார்கள். இன்று சுவாதிப் பங்கில் நிற்கிறது, அவ்வளவுதான். நட்சத்திரம் அந்தப் பங்குக்கு ஒரு மைல்கல். சுவாதிக் கல்லோ சாலையை விட்டு 30 பாகை வடக்கே தள்ளி இருக்கிறது. கையை நீட்டி விரலை விரித்து அளந்தால் ஏறக்குறைய ஒன்றரைச் சாண். அதனால் சுவாதியன்று நிலாவுக்குப் பக்கத்தில் தேடினால் கிடைக்காது.

எங்கே தேடுவது? ஆனி மாதம் இரவு எட்டு மணிவாக்கில் மொட்டை மாடியில் அண்ணாந்து பாருங்கள். நம்ம ஊர் அட்சரேகை ஒன்பதரை பாகை. சுவாதி வான நடுக்கோட்டுக்கு 19 பாகை வடக்கே. ஆகவே உச்சந்தலைக்குச் சற்று வடக்கே, ஆரஞ்சு நிறத்தில் நிற்கும். ராஜபாளையத்து மில் வெளிச்சத்திலும் தப்பாமல் தெரியும். வானத்தின் வடபாதியில் இதைவிடப் பிரகாசமான நட்சத்திரம் கிடையாது. உலகம் இதை ஆர்க்டுரஸ் என்கிறது.

அந்த ஆரஞ்சு நிறம்தான் வெப்பமானி. கொல்லன் உலையில் பார்த்திருப்பீர்கள்: இரும்பு முதலில் சிவக்கும், பிறகு மஞ்சளாகும், சூடு ஏற ஏற வெளுக்கும். நட்சத்திரமும் அப்படித்தான். சூரியனின் மேற்பரப்பு சுமார் 5,500 டிகிரி செல்சியஸ். சுவாதி 4,000 தான். சூடு குறைவு, பிறகு எப்படி இத்தனை வெளிச்சம்? உருவம் பெரிசு. குறுக்களவில் சூரியனைப் போல 25 மடங்கு, பரப்பில் 600 மடங்குக்கு மேல். ஒவ்வொரு சதுர மீட்டரும் சூரியனில் மூன்றில் ஒரு பங்கு ஒளிதான் தருகிறது. ஆனாலும் மொத்தத்தில் ஏறத்தாழ 200 மடங்கு வந்துவிடுகிறது.

வேடிக்கை என்னவென்றால், எடை போட்டால் சூரியனைவிடக் கொஞ்சம்தான் அதிகம். அதே சரக்குதான், ஊதிப் பெருத்திருக்கிறது. நடுவில் இருந்த ஹைட்ரஜன் எரிந்து தீர்ந்த கிழ நட்சத்திரம் இது. வயது சுமார் 700 கோடி ஆண்டு. நம் சூரியனுக்கு 460 கோடி. இன்னும் சில நூறு கோடி ஆண்டுகளில் சூரியனும் இப்படித்தான் வீங்கப்போகிறது.

இன்னொன்று, இந்தக் கிழவர் நிற்பவரும் இல்லை. பழைய கிரேக்கர்கள் குறித்துவைத்த இடத்தில் ஆர்க்டுரஸ் இப்போது இல்லை என்று எட்மண்ட் ஹாலி 1718இல் கண்டுபிடித்தார். ஆண்டுக்கு 2.28 விகலை நகர்கிறது. 60 விகலை ஒரு கலை, 60 கலை ஒரு பாகை, அவ்வளவு சின்ன நகர்வு. ஆனால் 1,200 ஆண்டுக்குப் பெருக்கிப் பாருங்கள்: முக்கால் பாகை! பெரியாழ்வார் காலம் 8, 9ஆம் நூற்றாண்டு என்று வைத்துக்கொண்டால், அவர் பார்த்த சுவாதி இன்றைய இடத்திலிருந்து நிலாவின் அகலத்தைப் போல ஒன்றரை மடங்கு தள்ளி இருந்திருக்கும்.

பூரத்துக்கு வருவோம். சிங்கக் கூட்டத்தின் பின்பாதியில் முக்கோணமாக மூன்று நட்சத்திரங்கள் உண்டு. வால்நுனியில் இருப்பது உத்திரம், மற்ற இரண்டும் பூரம். இவற்றில் பிரகாசமானது சோஸ்மா. வெறுங்கண்ணுக்குத் தெரியும், ஆனால் சுவாதியைப் போலக் கூப்பிட்டுக் காட்டாது. நிறம் வெள்ளை, வெப்பம் 8,000 டிகிரி. சூரியனைப் போல இரண்டு மடங்குக்குச் சற்று அதிகமான எடை, இரண்டு மடங்கு குறுக்களவு, 15 முதல் 20 மடங்கு ஒளி.

சுழற்சிதான் பிரமாதம். சூரியன் தன்னைத்தானே சுற்ற 25 நாள் எடுத்துக்கொள்கிறது. சோஸ்மா ஒரு நாள் முடிவதற்குள் ஒரு சுற்றை முடித்துவிடும். அதன் இடுப்பில் வேகம் நொடிக்கு 180 கிலோமீட்டர். இது எப்படித் தெரியும்? ஒரு பக்கம் நம்மை நோக்கி வருகிறது, மறுபக்கம் விலகிப் போகிறது. அதனால் நிறமாலையில் கூர்மையாக இருக்க வேண்டிய கறுப்புக் கோடுகள் அகன்று தெரியும். அந்த அகலத்தை அளந்தால் வேகம் கிடைத்துவிடும்.

சோஸ்மாவின் வயது 60, 70 கோடி ஆண்டுதான். சுவாதிக்கு முன்னால் குழந்தை. ஆனால் எடை கூடினால் எரிபொருள் அதைவிட வேகமாகத் தீரும். இந்த எடைக்கு நல்ல வாழ்வு சுமார் 100 கோடி ஆண்டு. பாதிக்கு மேல் போய்விட்டது.

சோஸ்மாவின் தூரம் 58 ஒளியாண்டு. அறுபதாம் கல்யாணத்துக்கு நாள் பார்த்துக்கொண்டிருப்பவர் கைக்குழந்தையாக இருந்தபோது கிளம்பிய ஒளிதான் இப்போது வந்து சேர்கிறது. சுவாதி 37 தான்.

ஆடிப்பூரத்தன்று பூரத்தைப் பார்க்க அவசரப்பட வேண்டும். சூரியன் விழுந்ததும் மேற்கில் இளம்பிறை இருக்கும். அதற்கு வலதுபக்கம், வடக்கே ஒரு சாணுக்குள் தேடுங்கள். ஏழரைக்குப் பார்த்தால் உண்டு. எட்டரைக்கு மேல் ஆச்சுன்னா நம்ம ஊரில் மேற்குத் தொடர்ச்சி மலை மறைச்சிடும். கிழக்கே சாத்தூர்ப் பக்கம் போனால் இன்னும் கொஞ்ச நேரம் கிடைக்கும்.