ஆற்றில் விடுமுன் அவிழ்த்துப் பார்க்க வேண்டியவை

அரபு மொழியில் ‘வர்ராக்’ என்றொரு சொல் உண்டு. ‘வரக்’ என்றால் தாள். தாள் விற்பவர், நூலைப் படியெடுப்பவர், படியெடுத்ததை விற்பவர் ஆகிய மூவரையும் அச்சொல் குறிக்கும். பத்தாம் நூற்றாண்டின் பக்தாதில் இத்தொழில் செய்த இப்னுந் நதீம், தம் காலம்வரை அரபு மொழியில் வழங்கிய நூல்களைப் பட்டியலிட முற்பட்டு, ஹிஜ்ரி 377இல் (கி.பி. 987-88) ‘அல்ஃபிஹ்ரிஸ்த்’ என்னும் நூலை இயற்றினார். பத்து இயல்கள் கொண்டது அது. வேதங்களும் குர்ஆன் கலைகளும் முதல் இயலில் அமைந்துள்ளன. இலக்கணம், வரலாறு, கவிதை, கலாம், ஃபிக்ஹு என்று தொடர்ந்து, மெய்யியல், கணிதம், இசை, மருத்துவம் ஆகியவை ஏழாம் இயலில் இடம்பெறுகின்றன. கதைகளும் மந்திர வித்தைகளும்கூட எட்டாம் இயலில் இடம் பெற்றுவிட்டன.

அந்த எட்டாம் இயலில், ஆயிரத்தொரு இரவுகளுக்கு மூலமாகக் கருதப்படும் ‘ஹஸார் அஃப்ஸான்’ என்னும் பாரசீகக் கதைநூலைத் தாம் முழுமையாகப் பலமுறை கண்டதாகக் கூறும் ஆசிரியர், அது சுவையற்ற நூல் என்றும் சொல்லிவிடுகிறார். தமக்குப் பிடிக்கவில்லை, ஆயினும் பதிவு செய்தார். இன்று அந்தப் பாரசீக நூல் கிடைக்கவில்லை. அப்படியொரு நூல் இருந்தது என்பதற்கு இப்னுந் நதீமும் மஸ்ஊதியும் எழுதி வைத்தவை போன்ற குறிப்புகளே சான்று.

இச்செய்தியை மாணவர்களுக்குச் சொல்லும்போதெல்லாம் என் நினைவுக்கு வருபவை, கம்பம் பள்ளத்தாக்கின் வீடுகளில் பரண்மேல் கிடக்கும் துணி மூட்டைகள். பழைய வீட்டை இடிக்கும்போது அவை இறங்கும். உள்ளே அரபு எழுத்துகள் தெரியும். சிதைந்த குர்ஆன் தாள்கள் என்று கருதி, பிஸ்மில்லாஹ் கூறி, கபருஸ்தானில் புதைப்பார்கள். அல்லது முல்லைப் பெரியாற்றில் விட்டுவிடுவார்கள். இவ்வழக்கத்தில் குறை காண்பதற்கில்லை. ஹனஃபி ஃபிக்ஹு நூலான ‘துர்ருல் முக்தார்’ ஓடும் நீரில் விடுவதை அனுமதித்து, புதைப்பதே சிறந்தது என்கிறது. ஆனால் அந்தச் சட்டத்தின் தொடக்கத்தில் ஒரு நிபந்தனை இருக்கிறது: பயன்பெற முடியாத நூல்கள் என்பதே அது. பிரித்துப் பார்க்காத மூட்டையைப் பயனற்றது என்று தீர்மானித்தவர் யார்?

ஐயம் எழக் காரணம் அரபுத் தமிழ். அரபில் இல்லாத ட, ண, ப, ள, ழ போன்ற ஒலிகளுக்காக அரபு எழுத்துகளில் புள்ளிகளையும் குறிகளையும் கூட்டித் தமிழை எழுதிய முறை அது. படிப்போர் தடுமாறாதிருக்க உயிர்க்குறிகளையும் இட்டே எழுதினர். அதனாலேயே, அம்முறையை அறியாத பேரப்பிள்ளைகளின் கண்ணுக்கு அது குர்ஆன் போலவே தோன்றுகிறது. கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (ரஹ்) அவர்கள் (1816-1898) யாத்த ‘ஃபத்ஹுத் தய்யான்’ போன்ற நூல்கள், தமிழ் எழுத்து கற்கும் வாய்ப்பில்லாத பெண்களிடமும் மார்க்க அறிவைக் கொண்டு சேர்த்தன. மரியாதையின் காரணமாகவே இவை அழிகின்றன என்பதுதான் வேதனை.

சில ஆண்டுகளுக்கு முன் மாணவர் ஒருவர், தம் பாட்டியார் வீட்டு மூட்டையொன்றை என்னிடம் கொண்டு வந்து, எங்கே புதைப்பது என்று கேட்டார். பிரித்தோம். பாதி, குர்ஆன் தாள்கள். அவற்றைத் தனியே எடுத்து வைத்தோம். மீதியில் ஒரு ஃபிக்ஹு நூலின் பகுதி, மூலிகைப் பெயர்கள் நிறைந்த அரபுத் தமிழ்க் கையேடு, ஒரு பாட்டு நோட்டு, பள்ளிவாசல் கட்டிய கணக்கு எழுதிய இரண்டு தாள்கள், தமிழ் எழுத்தில் அச்சான ‘நூறு மசலா’ ஆகியவை இருந்தன. ஓர் இல்லத்தின் மூட்டையில் இப்னுந் நதீமின் இயல்கள் பலவும் அடங்கியிருந்தன.

கணக்குத் தாளில் சுண்ணாம்புடன் கருப்பட்டியும் கடுக்காயும் எழுதப்பட்டிருந்தன. விருந்துச் செலவு கலந்துவிட்டதோ என்றுதான் முதலில் நினைத்தேன். வயது முதிர்ந்த கொத்தனார் ஒருவர் சிரித்துக்கொண்டே, அவை சாந்து இறுகுவதற்காகச் சேர்ப்பவை என்று விளக்கினார். அதன் பிறகே கட்டடக்கலை நூல்களை நாடினேன். மெஹர்தாத் ஷொகூஹி தென்னிந்திய முஸ்லிம் கட்டடக்கலை பற்றி 2003இலும், ஜெ. ராஜாமுகமது தமிழக இஸ்லாமியக் கட்டடக்கலை பற்றி 2004இலும் ஆங்கிலத்தில் எழுதிய நூல்களைப் பயின்ற பின், பள்ளிவாசலின் போதிகையையும் தூணையும் பார்க்கும் என் பார்வையே மாறிவிட்டது. உருவச் சிற்பத்தை விலக்கி, பூவேலையைக் கொண்டு, தமிழ்நாட்டுத் தச்சர் மரபிலேயே தொழுமிடம் எழுப்பியிருக்கிறார்கள்.

பாட்டு நோட்டில் ஒவ்வொரு முனாஜாத்தின் தலையிலும் மெட்டு குறிக்கப்பட்டிருந்தது. இசை கூடுமா, கூடாதா என்ற விவாதத்தை இங்கே தொடங்க விரும்பவில்லை. ஆயினும் இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் ‘இஹ்யா’வின் நாற்பது பகுதிகளில் ஒன்றை முழுமையாக ஸமாஉ பற்றியே எழுதினார்கள் என்பதையும், ஃபாராபி இசைக்கென்றே ஒரு பெருநூல் யாத்தார் என்பதையும் நம் மாணவர்கள் அறிந்திருத்தல் வேண்டும். இளையராஜா பிறந்த பண்ணைப்புரம் எங்கள் பள்ளத்தாக்கில்தான் இருக்கிறது; இங்கே இசை நூலை அந்நியமாகக் கருதுவது பொருந்தாது.

துறைகளைக் கடந்து படிக்கும்போது ஒன்று மற்றொன்றுக்கு விளக்காவதை மதுரையைக் கொண்டே காட்டலாம். முழுமையாகக் கிடைக்கும் இஸ்லாமியத் தமிழ் நூல்களில் மிகப் பழையதாகக் கருதப்படும் வண்ணப் பரிமளப் புலவரின் ‘ஆயிர மசலா’ 1572இல் மதுரையில் அரங்கேறியது. அப்துல்லாஹ் இப்னு ஸலாம் (ரலி) அவர்களின் வினாக்களும் நபி (ஸல்) அவர்களின் விடைகளுமாக அமைந்தது அக்காப்பியம். அடுத்த ஆண்டில், 1573இல், வீரப்ப நாயக்கர் கோரிப்பாளையம் தர்காவுக்குரிய பழைய கொடையை உறுதிப்படுத்திக் கல்வெட்டு அளித்தார். இலக்கியம் படிப்பவர் காப்பியத்தை மட்டும் படிக்கிறார். கல்வெட்டு படிப்பவர் கொடையை மட்டும் படிக்கிறார். இரண்டையும் சேர்த்துப் படிப்பவருக்கே அன்றைய மதுரை முஸ்லிம்கள் எத்தகைய அவையைப் பெற்றிருந்தனர் என்பது புலப்படும்.

விடை காணப்படாத புதிர்களும் நம்மிடம் உண்டு. ‘பல்சந்தமாலை’யை இயற்றியவர் யார் என்பது தெரியவில்லை. ‘களவியற் காரிகை’ உரையாசிரியர் மேற்கோளாக எடுத்தாண்ட எட்டுப் பாடல்களே அதில் எஞ்சின. அவற்றில் வரும் வகுதாபுரி கீழக்கரையா, காயல்பட்டினமா, வேறோர் ஊரா என்னும் வழக்கு இன்னும் தீரவில்லை. ஓர் உரையாசிரியர் அகப்பொருளுக்கு எடுத்துக்காட்டுத் தேடியபோது முஸ்லிம் தலைவனைப் பாடிய நூலையும் ஒதுக்கிவிடாமல் பார்த்தார். அதனால்தான் அந்த எட்டும் தப்பின. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய இலங்கை அறிஞர் ம. மு. உவைஸ், பீ. மு. அஜ்மல்கானுடன் இணைந்து பல தொகுதிகளாக இஸ்லாமியத் தமிழிலக்கிய வரலாறு எழுதியபோது, இத்தகைய சிதறல்களையும் ஒன்றுவிடாமல் தேடினார்.

நூல் அழிந்து அதன் செய்தி மட்டும் வாழ்வது நம் சமுதாயத்துக்கு மட்டும் உரியதன்று. எங்கள் பள்ளத்தாக்கின் சின்னமனூரில் கிடைத்த பாண்டியர் செப்பேடு, மகாபாரதம் தமிழாக்கப்பட்டதையும் மதுரையில் சங்கம் வைத்ததையும் பாண்டியரின் முற்காலப் பெருமைகளாகக் கூறுகிறது. செப்பேடு இருக்கிறது, அந்தத் தமிழாக்கம் எங்கே போயிற்று என்பதற்கு உறுதியான விடை இல்லை.

ஆதலால் மூட்டையைக் கொண்டு வருவோரிடம் நான் கேட்டுக்கொள்வது சிறிய காரியம்தான். முதல் தாளையும் இறுதித் தாளையும் பாருங்கள். நூற்பெயர், எழுதியவர், அச்சகம், ஆண்டு ஆகியவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். கைப்பேசியில் பக்கம் பக்கமாகப் படம் எடுத்து, அரபுத் தமிழ் படிக்கத் தெரிந்த ஒருவரிடம் காட்டுங்கள். பிறகு அடக்கம் செய்வதானால் செய்யலாம்.

அந்த மாணவரின் ‘நூறு மசலா’ இப்போது என்னிடமே இருக்கிறது. இளவரசி கேட்கும் நூறு வினாக்களுக்கும் விடை கூறி அவளை மணப்பவனின் கதை அது. ஆசிரியர் பெயர் அறியப்படவில்லை. இப்பிரதியில் கடைசித் தாள்கள் கிழிந்து போயிருக்கின்றன. அவை இருக்கக்கூடும் என்று, அவர் பெரியம்மா வீட்டுப் பரணைப் பார்க்க அடுத்த விடுமுறையில் கம்பம் செல்லவிருக்கிறோம்.