உங்களுக்குத் தெரியுமா? தீயணைத்தவரே கதை சொன்ன படம்

காமராஜர் அணைக்குப் பின்னால் மலைச்சரிவு கோடையில் பற்றிக்கொண்டால், ஆத்தூரில் நின்று பார்ப்பவருக்குத் தெரிவது ஒரு சிவப்புக் கோடுதான். உள்ளே நடந்ததைத் தீயணைத்தவர் வாயால் கேட்க வேண்டும். ‘9/11’ ஆவணப்படத்தில் அப்படித்தான் கேட்கிறோம். பின்னணிக் குரல் ஜேம்ஸ் ஹான்லனுடையது. நியூயார்க் டுவேன் தெரு நிலையத்துத் தீயணைப்பு வீரர். செதுக்கி வைத்த வானொலிக் குரல் இல்லை, சக ஊழியர்களைப் பற்றிப் பேசுகிற குரல்.

ஜூல்ஸ், கெடியோன் நோடே என்ற பிரெஞ்சுச் சகோதரர்கள் அங்கே புதிதாகச் சேர்ந்த ஒருவரின் பயிற்சிக் காலத்தைப் படமெடுத்துக்கொண்டிருந்தார்கள். 2001 செப்டம்பர் 11 காலை, கேஸ் நாற்றம் என்று வந்த புகாரைப் பார்க்கப் போன வீரர்களோடு ஜூல்ஸ் தெருவில் நின்றபோது தலைக்கு மேலே இரைச்சல். ஜூல்ஸின் கேமரா நிமிர்ந்தது. முதல் விமானம் உலக வர்த்தக மையக் கோபுரத்தில் மோதியது பதிவானது இப்படித்தான்!

அன்று இறந்த நியூயார்க் தீயணைப்பு வீரர்கள் 343 பேர். டுவேன் தெரு நிலையத்தார் அத்தனை பேரும் உயிரோடு திரும்பினார்கள்.

படம் 2002 மார்ச்சில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் வந்தது. ஹான்லன் அதன் இணை இயக்குநரும்கூட. பின்னாளில் தீயணைப்புப் பணியை விட்டுவிட்டு நடிப்பு, இயக்கம் என்று போய்விட்டார்.