பெர்னார்டு ஹெர்மன்

திரைப்படத்தின் பின்னணி இசை காட்சிக்கு அடங்கி நடத்தல் வேண்டும் என்பர். 1911-இல் நியூயார்க்கு நகரில் பிறந்த பெர்னார்டு ஹெர்மனோ அடங்க மறுத்தவர். வானொலியில் இசை நடத்துநராக விளங்கிய இவர், 'சிட்டிசன் கேன்' (1941) வாயிலாகத் திரையுலகிற்கு வந்தார்.

1960-இல் வெளிவந்த 'சைக்கோ' படத்திற்குக் குழலையும் முரசையும் விலக்கி, நரம்புக் கருவிகளை மட்டுமே கையாண்டார். அதன் குளியலறைக் கொலைக்காட்சிக்கு இசையே வேண்டா என்றார் இயக்குநர் ஹிட்ச்காக். ஹெர்மன் கேட்டாரில்லை, வயலின்கள் வீறிட்டலறுமாறு இசையமைத்துக் காட்டினார். இயக்குநர் இணங்கினார். அவ்விசையின்றி அக்காட்சியை இன்று யாரே நினைப்பர்?

ஆயினும் அப்பிடிவாதமே 1966-இல் இருவரையும் பிரித்தது. 'டார்ன் கர்ட்டன்' படத்திற்கு இக்காலத்து மெட்டு வேண்டுமென்று கேட்டவர்க்கு, ஹெர்மன் தம் போக்கிலேயே எழுதினார். இசைப்பதிவு நடுவிலேயே நிறுத்தப்பட்டது. 1975 டிசம்பரில் 'டாக்சி டிரைவர்' இசைப்பதிவை முடித்த அன்றிரவே அவர் உறக்கத்தில் உயிர்நீத்தார்.