பங்க் உரிமமும் நீதிமன்றப் படியும்

பெட்ரோல் பங்க் கிடைத்தால் மூன்று தலைமுறைக்குக் கவலையில்லை என்போம். கிடைத்த வழி சரியில்லையென்றால்? பெட்ரோலிய அமைச்சராயிருந்த சதீஷ் சர்மா தம் விருப்பப்படி ஒதுக்கிய 15 பங்க்குகளை 1996-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

2002-இல் அரசியல் சிபாரிசுப் புகார் வெடித்ததும், 2000 ஜனவரி முதல் நடந்த பங்க், கேஸ் ஏஜென்சி ஒதுக்கீடுகளை மத்திய அரசு ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது. முறையாகத் தேர்வாகி, கடன் வாங்கி முதல் போட்டவர்களும் சேர்ந்து தவித்தனர். அந்த டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அவ்வுத்தரவைத் தள்ளி, புகாருக்குள்ளான 413 ஒதுக்கீடுகளை மட்டும் ஒவ்வொன்றாக ஆராயக் குழு அமைத்தது.

வணிகர்களாகிய நமக்குப் பாடம் இதுதான்: சிபாரிசு ஆட்சி மாறும்வரை, ஆவணம் கடைசிவரை. விண்ணப்ப நகல், நேர்காணல் கடிதம், ரசீது எதையும் தொலைக்காமல் கோப்பில் வைப்போம்.