கிரேக்க எழுத்து வீடுகள் – 9: ஏழு பேர் தொடங்கிய சங்கம்

நியூயார்க்கில் லெக்சிங்டன் அவென்யூவும் 23-ஆம் தெருவும் கூடும் முனையில் அன்று சிட்டி காலேஜ் இருந்தது. 1904 நவம்பர் 23 அன்று அங்கே படித்த ஏழு மாணவர்கள் சேர்ந்து ஒரு சங்கம் தொடங்கினார்கள். ஊர் வழக்கப்படி அதற்குக் கிரேக்க எழுத்துகளிலேயே பெயர் வைத்தார்கள்: ஃபை எப்சிலான் பை. நாடெங்கும் கிளை விரித்து வளர்ந்த அந்தச் சங்கம் 1970-இல் வேறொரு சங்கத்தோடு இணைந்து, தன் பெயரை இழந்தது.

ஃபிரட்டர்னிட்டி என்ற அமைப்பின் பிறப்பை முந்தைய வாரங்களில் பார்த்தோம். 1776-இல் வர்ஜீனியாவின் வில்லியம் அண்ட் மேரி கல்லூரியில் ஃபை பீட்டா கப்பா. பிறகு 1825-இல் ஸ்கெனெக்டடி நகரின் யூனியன் காலேஜில் கப்பா ஆல்ஃபா சொசைட்டி. ரகசியச் சடங்கு, கைகுலுக்கலில் ஒரு சங்கேதம், சட்டையில் குத்திக்கொள்ளும் பேட்ஜ், சேர்ந்து வாழ ஒரு வீடு, ஆயுள் முழுக்க ஒருவரையொருவர் ‘பிரதர்’ என்று அழைக்கும் உறவு என எல்லாம் அந்த நூறாண்டுக்குள் கெட்டிப்பட்டுவிட்டன. யாரைச் சேர்ப்பது, யாரை வாசலிலேயே நிறுத்துவது என்பதும் அதே காலத்தில்தான் கெட்டிப்பட்டது.

சேர்க்கையை வாக்கெடுப்பு முடிவு செய்தது. பெட்டிக்குள் உறுப்பினர்கள் ஆளுக்கொரு குண்டு போடுவார்கள். வெள்ளை என்றால் சம்மதம், கறுப்பு என்றால் மறுப்பு. பல சங்கங்களில் ஒரே ஒரு கறுப்புக் குண்டு விழுந்தாலும் போதும், அந்த மாணவன் வெளியே. காரணம் சொல்ல வேண்டியதில்லை, போட்டவர் யார் என்றும் தெரியாது. இதுவும் போதாதென்று, வெள்ளைக் கிறிஸ்தவர்களுக்கு மட்டுமே இடம் என்று தங்கள் சட்டதிட்டத்திலேயே எழுதிவைத்த சங்கங்களும் இருந்தன.

இந்தப் பின்னணியில் சிட்டி காலேஜைப் பார்க்க வேண்டும். ஏழை வீட்டுப் பிள்ளைகளுக்காக 1847-இல் நகரம் நிறுவிய இலவசக் கல்லூரி அது. 1976 வரை அங்கே கல்விக் கட்டணமே கிடையாது. 1880-களில் தொடங்கி ரஷ்யாவிலிருந்தும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்தும் யூதக் குடும்பங்கள் லட்சக்கணக்கில் நியூயார்க்கில் வந்து இறங்கின. தையல் கூடங்களில் பகலும் இரவும் உழைத்த பெற்றோர் தங்கள் பிள்ளைகளை அனுப்பிய கல்லூரி இதுதான். இருபதாம் நூற்றாண்டு பிறந்தபோது மாணவர்களில் பெரும்பாலோர் யூதர்கள். அங்கே விடுதி கிடையாது. காலையில் வீட்டிலிருந்து கிளம்பி, மாலையில் வீடு திரும்புவார்கள். வகுப்பு முடிந்த பின்பும் நண்பர்களாகச் சேர்ந்திருக்க ஓர் இடம் வேண்டும் என்ற ஏக்கம் அவர்களுக்கு இருந்ததில் வியப்பில்லை.

அந்த ஏழு பேர் ஒரு காரியம் செய்தார்கள். அவர்களை நினைவில் வைத்திருக்க அது ஒன்றே போதும். தங்கள் சங்கத்துக்கு மதத் தடை இல்லை என்று தொடக்கத்திலேயே முடிவு செய்தார்கள். யூதர்களுக்கு மட்டும் என்று எழுதியிருக்கலாம். அடைத்த கதவுக்குப் பதில் கதவடைப்பது மனித இயல்புதானே! அவர்கள் அப்படிச் செய்யவில்லை. நடைமுறையில் வந்து சேர்ந்தவர்கள் பெரும்பாலும் யூதர்கள்தான். வேறு இடம் கிடைக்காதவர்கள் வந்தார்கள், கிடைத்தவர்கள் வரவில்லை.

ஒதுக்கப்பட்டவர்கள் தங்களுக்கென்று சங்கம் தொடங்குவது வேறு இடங்களிலும் நடந்தது. மதம் பாராத சங்கமாக யேல் பல்கலைக்கழகத்தில் 1895-இலேயே பை லாம்டா ஃபை தொடங்கியிருந்தது. கொலம்பியா பல்கலைக்கழகத்தில் செமிட்டிக் மொழிகள் கற்பித்த ரிச்சர்ட் காட்ஹைல், 1898-இல் யூத மாணவர்களைத் திரட்டி ஒரு சியோனிச அமைப்பு தொடங்கினார். அது சில ஆண்டுகளில் ஜீட்டா பீட்டா டௌ என்ற ஃபிரட்டர்னிட்டியாக மாறியது. 1909-இல் அதே சிட்டி காலேஜில் சிக்மா ஆல்ஃபா ம்யூ. 1911-இல் ரோச்செஸ்டரில் கப்பா ந்யூ. 1914-இல் வாஷிங்டன் நகரில் ஃபை ஆல்ஃபா. இன்னொரு பக்கம், கார்னெல் பல்கலைக்கழகத்தில் தனித்துவிடப்பட்ட கறுப்பின மாணவர்கள் 1906-இல் ஆல்ஃபா ஃபை ஆல்ஃபாவைத் தொடங்கினார்கள்.

ஃபை எப்சிலான் பை நியூயார்க்கைத் தாண்டிப் பரவியது. கொலம்பியா, கார்னெல் என்று தொடங்கி, தெற்கே ஜார்ஜியா, நடுமேற்கில் இல்லினாய் வரை அதற்குக் கிளைகள் வந்தன. வெளியூர்ப் பல்கலைக்கழகத்துக்குப் போன யூத மாணவனுக்கு இந்த வீடு வெறும் பொழுதுபோக்கு இடம் அல்ல. வாடகைக்கு அறை தர மறுத்த ஊர்களில் அதுதான் அவன் தங்கும் இடம், சாப்பிடும் இடம். வேலைக்கு யாரிடம் போய்க் கேட்கலாம் என்று சொல்லித்தந்த இடமும் அதுவே.

1920-களில் நெருக்கடி முற்றியது. ஹார்வர்டில் 1900-இல் சுமார் 7 சதவீதமாக இருந்த யூத மாணவர் எண்ணிக்கை 1922-இல் 21 சதவீதத்தைத் தாண்டியிருந்தது. அதன் தலைவர் லாரன்ஸ் லோவல், யூதர்களுக்கு உச்சவரம்பு வைக்க வேண்டும் என்று வெளிப்படையாகவே முன்மொழிந்தார். எதிர்ப்பு கிளம்பியதும் வழியை மாற்றினார்கள். விண்ணப்பத்தோடு புகைப்படம் கேட்டார்கள். தந்தை எங்கே பிறந்தார், தாயின் திருமணத்துக்கு முந்தைய பெயர் என்ன, குடும்பத்தில் யாராவது பெயர் மாற்றிக்கொண்டதுண்டா என்றெல்லாம் கேட்டார்கள். ‘குணநலன்’, ‘ஊர்வாரிப் பங்கீடு’ என்று புதிய அளவுகோல்கள் வந்தன. கொலம்பியாவிலும் இதே கதைதான். சங்கம் மறுத்தால் இன்னொரு சங்கம் கட்டிக்கொள்ளலாம். பல்கலைக்கழகமே மறுத்தால் என்ன செய்வது?

இங்கே கசப்பான ஒரு உண்மையையும் பதிவு செய்தாக வேண்டும். ஒதுக்கப்பட்டவர்களுக்குள்ளும் படிநிலை உருவானது. ஜெர்மனியிலிருந்து முன்பே வந்து செல்வமும் செல்வாக்கும் பெற்ற யூதக் குடும்பத்துப் பிள்ளைகள் ஒரு சங்கம். ரஷ்யாவிலிருந்தும் போலந்திலிருந்தும் பிறகு வந்தவர்களின் பிள்ளைகள் இன்னொரு சங்கம். உரக்கப் பேசாதே, நாகரிகமாக உடுத்து, மற்றவர் கண்ணை உறுத்தும்படி கூட்டமாக நிற்காதே என்று யூத ஃபிரட்டர்னிட்டிகள் தங்கள் பிள்ளைகளுக்கே பாடம் நடத்தின. வீட்டுக்குள்ளும் அதே குண்டுப் பெட்டி இருந்தது, புதிதாகச் சேர்பவர்களை வாட்டும் ராகிங்கும் இருந்தது. தங்களை விலக்கிய அமைப்பின் அச்சிலேயே தங்களை வார்த்துக்கொண்டதால் வந்த வினை இது. அந்தப் பிள்ளைகளைக் குறை சொல்ல மனம் வரவில்லை. அவர்களுக்குக் கண்முன் இருந்த முன்மாதிரி அது ஒன்றுதான்.

ஆனால் 1930-களில் இதே வீடுகள் செய்த நல்ல காரியத்தையும் மறக்கக் கூடாது. ஹிட்லரின் ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த மாணவர்களுக்கு யூத ஃபிரட்டர்னிட்டிகள் தங்க இடமும் உணவும் கொடுத்தன. பல்கலைக்கழகங்கள் கட்டணத்தை விட்டுக்கொடுக்க, அன்றாடச் செலவைச் சங்கத்து வீடு ஏற்றுக்கொண்டது. அமெரிக்கக் குடியேற்றச் சட்டம் மிக இறுக்கமாக இருந்த காலம் அது. கல்லூரி இடமும் தங்குமிடமும் உறுதியானால் ஓர் இளைஞனுக்கு உயிர் பிழைக்கும் வழி திறந்தது.

பிறகு போர். உறுப்பினர்கள் ராணுவத்துக்குப் போனார்கள், வீடுகள் காலியாயின. போர் முடிந்ததும் 1944-ஆம் ஆண்டின் ஜி.ஐ. சட்டத்தின் உதவியில் சுமார் 22 லட்சம் முன்னாள் படைவீரர்கள் கல்லூரிக்குள் வந்தார்கள். நாஜிகளை எதிர்த்துப் போரிட்டுத் திரும்பியவர்களுக்கு ‘வெள்ளைக் கிறிஸ்தவர் மட்டும்’ என்ற விதி எப்படி இருந்திருக்கும்! 1948-இல் ஆம்ஹர்ஸ்ட் கல்லூரியின் ஃபை கப்பா சை கிளை ஒரு கறுப்பின மாணவரைச் சேர்க்க முடிவு செய்தது. தலைமை அந்தக் கிளையையே விலக்கிவைத்தது. மாணவர்கள் பின்வாங்கவில்லை. 1949-இல் ஃபிரட்டர்னிட்டிகளின் தேசிய மாநாடு, பாகுபாட்டு விதிகளை நீக்குமாறு பரிந்துரைத்தது. 1953-இல் நியூயார்க் மாநிலப் பல்கலைக்கழகம் இன்னும் ஒரு படி மேலே போய், தன் வளாகங்களில் தேசிய சங்கங்களின் கிளைகளுக்கே தடை போட்டது. 1954-இல் ஜீட்டா பீட்டா டௌ தன் சட்டதிட்டத்திலிருந்து மதக் கட்டுப்பாட்டை எடுத்தது. சிட்டி காலேஜ் மாணவர்கள் அரை நூற்றாண்டுக்கு முன்பே எழுதிவைத்த விஷயம் அது.

கதவுகள் மெல்லத் திறந்தன. அந்தத் திறப்புதான் ஃபை எப்சிலான் பை-யின் முடிவுக்கும் வித்திட்டது. யூத மாணவன் இப்போது எந்தச் சங்கத்திலும் சேரலாம் என்றானபோது, அவனுக்கென்று அரை டஜன் தேசிய சங்கங்கள் எதற்கு? 1959-இல் ஃபை ஆல்ஃபா, ஃபை சிக்மா டெல்டா என்ற இன்னொரு யூதச் சங்கத்தோடு இணைந்தது. 1961-இல் கப்பா ந்யூ, ஃபை எப்சிலான் பை-க்குள் வந்தது. வியட்நாம் போர்க்காலம் வந்தபோது பேட்ஜும் சடங்கும் பழைய தலைமுறையின் சமாச்சாரமாகத் தெரிந்தன. ஊர்வலத்துக்குப் போகிற மாணவனுக்கு நடன விருந்தில் என்ன வேலை? நாடெங்கும் ஃபிரட்டர்னிட்டி வீடுகள் ஆள் சேர்க்கத் திணறின. 1969-இல் ஃபை சிக்மா டெல்டா, ஜீட்டா பீட்டா டௌவோடு சேர்ந்தது. அடுத்த ஆண்டே ஃபை எப்சிலான் பை-யும் சேர்ந்தது. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் ஐந்து சங்கங்கள் ஒன்றாயின.

தோல்வி என்று இதைச் சொல்ல முடியாது. விலக்கப்பட்டதால் பிறந்த சங்கம், விலக்கு தளர்ந்தபோது கரைந்தது. ஆனால் பெயர் போனதில் வருத்தம் இல்லாமலும் இல்லை. மதம் பாராமை என்ற கொள்கையை முன்பே எழுதியவர்களின் பெயர் மறைய, அதைப் பிறகு ஏற்றவர்களின் பெயர் நிலைத்திருக்கிறது. ஜீட்டா பீட்டா டௌ இணைந்த நான்கு சங்கங்களையும் தன் வரலாற்றின் பகுதியாகவே இன்றும் சொல்லிவருகிறது. 1989-இல் அது, புதியவர்களைச் சில மாதம் காத்திருக்கவைத்துச் சோதிக்கும் ‘பிளெட்ஜ்’ முறையை அடியோடு ஒழித்து, சேரும் நாளிலிருந்தே எல்லோரும் சம உறுப்பினர்கள் என்று அறிவித்தது.

அடுத்த வாரம்: 1848-இல் மிசிசிப்பி பல்கலைக்கழகத்தில் பிறந்து, டெல்டா டௌ டெல்டாவோடு கலந்து, ஒரு பத்திரிகையின் பெயராக மட்டும் நிலைத்த ‘ரெயின்போ’ சங்கம்.

(தொடரும்)