எண்ணிம மறுசெம்மையாக்கம்

எண்ணிம மறுசெம்மையாக்கம் என்பது முன்னர் வெளியான ஓர் இசைப்பதிவின் மூல நாடாவை எண்ணிம வடிவுக்கு மாற்றி, ஒலியைச் சீர்செய்து மீண்டும் வெளியிடும் முறையாகும். பேச்சு வழக்கில் இது ரீமாஸ்டரிங் எனப்படுகிறது. 1960களிலும் 1970களிலும் காந்த நாடாவில் பதிவான பல ராக் இசைத் தொகுப்புகள் இம்முறையில் மறுவெளியீடு பெற்றுள்ளன. குரல், கித்தார், முரசு ஆகியவற்றின் தனித்தனித் தடங்களை மீண்டும் கலப்பது ரீமிக்ஸ் ஆகும். மறுசெம்மையாக்கத்தில் கலந்து முடித்த இறுதி நாடாவே கையாளப்படுகிறது.

தொழில்நுட்பம்

எண்ணிமப் பதிவில் ஒலியலை மிகச் சிறிய கால இடைவெளிகளில் அளக்கப்பட்டு எண்களாகச் சேமிக்கப்படுகிறது. குறுவட்டில் ஒரு நொடிக்கு 44,100 அளவீடுகள் உள்ளன. ஒவ்வொன்றும் 16 பிட் கொண்டது. உயர் நுணுக்கப் பதிவுகளில் பொதுவாக 24 பிட்டும், நொடிக்கு 96,000 அல்லது 1,92,000 அளவீடுகளும் பயன்படுகின்றன. மனிதச் செவி ஏறத்தாழ 20 கிலோஹெர்ட்ஸ் வரையிலான ஒலியையே உணரும். குறுவட்டே 22 கிலோஹெர்ட்ஸ் வரை பதியவல்லது. எனவே உயர் நுணுக்கத்தின் முதன்மைப் பயன், திருத்தப் பணியின்போது ஒலியின் தரம் குறையாமல் காப்பதாகும்.

1970களில் தயாரான சில வகை நாடாக்களில், காந்தத் துகளைப் பிணைக்கும் பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுப்பாகிவிடுகிறது. அப்படியே ஓட்டினால் துகள் உரிந்து பதிவு அழியும். ஆகவே நாடாவை மிதமான வெப்பத்தில் பல மணி நேரம் வைத்துப் பின்னர் படியெடுக்கின்றனர்.

பீட்டில்ஸ் மறுவெளியீடு

பீட்டில்ஸ் குழுவின் தொகுப்புகள் 1987 இல் முதன்முதலாகக் குறுவட்டில் வெளிவந்தன. பின்னர் இலண்டன் அபே ரோடு ஒலிப்பதிவுக் கூடத்தின் பொறியாளர்கள் நான்கு ஆண்டுகள் உழைத்து உருவாக்கிய மறுசெம்மைப் பதிப்பு 2009 செப்டம்பர் 9 அன்று வெளியானது. மூல நாடாக்கள் 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் அளவில் படியெடுக்கப்பட்டன. மொத்தம் 525 நிமிட இசையில் இரைச்சல் நீக்கம் ஐந்து நிமிடங்களுக்கும் குறைவான பகுதியிலேயே செய்யப்பட்டது. இரைச்சலோடு இசையின் நுண்மையும் நீங்கிவிடக்கூடும் என்பதே இக்கட்டுப்பாட்டுக்குக் காரணம்.

விமர்சனங்கள்

1990கள் முதல் பல மறுவெளியீடுகளில் மெல்லிய ஒலிகள் உயர்த்தப்பட்டு, பாடல் முழுவதும் ஒரே உரப்பில் ஒலிக்குமாறு செய்யப்பட்டது. இதனால் மென்மைக்கும் உரப்புக்கும் இடையிலான வேறுபாடு குறைகிறது. இவ்வாறு நெருக்கப்பட்ட பதிவை 24 பிட்டில் விற்றாலும் இழந்த வேறுபாடு மீளாது.

பிராட் மேயர், டேவிட் மோரன் ஆகியோர் 2007 இல் வெளியிட்ட ஆய்வில், உயர் நுணுக்கப் பதிவும் குறுவட்டுத் தரத்துக்குக் குறைக்கப்பட்ட அதே பதிவும் ஒப்பிடப்பட்டன. 554 சோதனைகளில் 276 விடைகளே சரியாக அமைந்தன; இது நாணயம் சுண்டிக் கூறுவதற்கு ஒப்பாகும். ஆயினும் உயர் நுணுக்க வட்டுகள் பல நன்றாக ஒலித்தன என்றும், கவனமான செம்மையாக்கமே அதற்குக் காரணம் என்றும் அவர்கள் கருதினர்.

தமிழ்ப் பதிவுகள்

1964 இல் வெளியான கர்ணன் திரைப்படம், படமும் ஒலியும் எண்ணிம முறையில் சீரமைக்கப்பட்டு 2012 மார்ச் 16 அன்று மீண்டும் திரையிடப்பட்டது. விசுவநாதன்-ராமமூர்த்தி இசையமைத்த அதன் பாடல்களைப் புதிய தலைமுறையினரும் திரையரங்கில் கேட்டனர்.

நாடா பரவுவதற்கு முந்தைய தமிழ்ப் பாடல்கள், பக்கத்துக்கு ஏறத்தாழ மூன்று நிமிடம் ஓடும் 78 சுழற்சி இசைத்தட்டுகளில் பதிவாயின. உலோக மூல அச்சு கிடைக்காதபோது எஞ்சிய தட்டே மூலமாகிறது. மும்பையைச் சேர்ந்த இந்திய இசைத்தட்டுச் சேகரிப்பாளர் சங்கம், பிரித்தானிய நூலகத்தின் ஆதரவுடன் ஓடியன் நிறுவன இசைத்தட்டுகளை எண்ணிமமாக்கியுள்ளது. இவற்றில் தமிழ்ப் பதிவுகளும் அடங்கும்.

மூலத்தின் பாதுகாப்பு

2008 சூன் 1 அன்று கலிபோர்னியாவில் யுனிவர்சல் வளாகத்தில் ஏற்பட்ட தீயில் மூல நாடாக்கள் பல அழிந்தன. மூலம் அழிந்த பதிவுக்கு அதன் படிகளே எஞ்சுகின்றன. படியில் இல்லாத ஒலியை எவ்வளவு உயர்ந்த நுணுக்கத்தாலும் திரும்பப் பெற இயலாது.

இவற்றையும் பார்க்கவும்

கிராமபோன்
குறுவட்டு
காந்த நாடா