கொதிக்கும் மண்ணில் ஒரு பகல்: நியூசிலாந்தின் வெந்நீர் நிலங்கள்

‘கீசர்’ என்றவுடன் குளியலறைச் சுவரில் தொங்கும் வெந்நீர்க் கலமே நம் நினைவுக்கு வருகின்றது. அச்சொல்லின் பிறப்பிடமோ ஐஸ்லாந்து நாடு. ஆங்கு ‘கெய்சிர்’ என்னும் பெயருடைய ஊற்றொன்று, கொதிநீரை வானோக்கிப் பீறிட்டு எழச் செய்யும் இயல்புடையது. அவ்வோர் ஊற்றின் பெயரே அவ்வகை ஊற்றுகள் அனைத்துக்கும் பொதுப்பெயராகி, பின்னர் வெந்நீர் தரும் கருவிக்கும் ஆகி வந்தது. நம் இலக்கண நூலார் இத்தகைய பெயர் மாற்றத்தை ஆகுபெயருள் அடக்குவர். பெயர் நம் வீட்டிற்குள் வந்துவிட்டது; பொருளைக் காண வேண்டுமெனில் கடல் கடந்துதான் செல்ல வேண்டும்.

உலகில் இத்தகைய ஊற்றுகள் செறிந்த இடங்கள் மிகச் சிலவே. அமெரிக்காவின் எல்லோஸ்டோன், ரஷ்யாவின் கம்சாத்கா, சிலி நாட்டின் எல் தாத்தியோ, ஐஸ்லாந்து ஆகியவற்றோடு நியூசிலாந்தின் வடதீவும் அவற்றுள் ஒன்று. வடதீவின் நடுவே ரோட்டோருவா என்னும் ஏரிக்கரை நகர் உள்ளது. ஆக்லாந்திலிருந்து ஏறத்தாழ மூன்று மணி நேரப் பயணம். மாவோரி மொழியில் ‘ரோட்டோ’ என்பது ஏரி. ‘ருவா’ என்பது இரண்டு. இரண்டாம் ஏரி என்பதே நகரின் பெயர்ப்பொருள். நகரை நெருங்கும்போதே அழுகிய முட்டை நாற்றம் வரவேற்கும். ஹைட்ரஜன் சல்பைடு என்னும் வளியே அதற்குக் காரணம். அது காற்றினும் கனமானது. காற்றோட்டமற்ற அறைகளிலும் பள்ளங்களிலும் தேங்கினால் உயிரையே போக்கவல்லது.

இந்நிலம் இவ்வாறு கொதிப்பது ஏன் என்னும் வினாவிற்கு மாவோரி மக்களிடம் ஒரு தொல்கதை உண்டு. தே அராவா என்னும் படகில் வந்த பெருங்குரு ங்காட்டோரோயிராங்கி, டோங்காரிரோ மலைமீது ஏறினார். பனியும் குளிரும் அவரை வாட்டின. உயிர் போகும் நிலையில், தம் பழைய தாயகமான ஹவாய்க்கியில் இருந்த உடன்பிறந்த மகளிரை நெருப்பு வேண்டி அழைத்தார். அந்நெருப்பு கடலுக்கடியில் ஓடிவந்து, முதலில் ஃபகாரித் தீவிலும், பின்னர் ரோட்டோருவாவிலும் அதற்கப்பாலும் தலைநீட்டி, இறுதியில் மலையுச்சியை அடைந்ததாம்.

நிலவியலார் வரைந்த படத்தை இக்கதையோடு ஒப்பிட்டு நோக்கினால் வியப்பே மிஞ்சும். ஃபகாரித் தீவிலிருந்து தென்மேற்காக டோங்காரிரோ, ருவபேகு மலைகள் வரை ஏறத்தாழ 250 கி.மீ. நீளத்திற்கு ஒரே கோட்டில் நீள்வதே தௌப்போ எரிமலை மண்டலம். பசிபிக் நிலத்தட்டு ஆஸ்திரேலிய நிலத்தட்டின் அடியில் புகுகின்றது. புகும்போது தன்னுடன் கொண்டுசென்ற நீரை ஆழத்தில் விடுவிக்கின்றது. அந்நீர் மேலுள்ள பாறையின் உருகுநிலையைத் தாழ்த்த, பாறை உருகிக் குழம்பாகின்றது. கதை கட்டியவர்கள் தட்டுகளை அறியார். ஆயினும் நெருப்பின் வழியை ஊர் ஊராக அறிந்து, தம் மக்கள் மறவாத வண்ணம் ஒரு கதையில் கட்டிவைத்தனர். வாய்மொழி இலக்கியத்தைக் கற்பனை என்று தள்ளிவிடுவோர் இதனைச் சற்றே எண்ணிப் பார்த்தல் நன்று.

வழிகாட்டியுடன் செல்லும் ஒருநாள் உலா பெரும்பாலும் காலை 10.15 மணிக்கு லேடி நாக்ஸ் ஊற்றில் தொடங்கும். இயற்கை கடிகாரம் பார்க்குமோ என்று ஐயுற வேண்டா; கடிகாரம் பார்ப்பவர் மனிதரே. ஒருவர் வந்து ஊற்றின் வாயில் சவர்க்காரத் தூளை இடுவார். சிறிது நேரத்தில் நுரை பொங்கி, பின் வெந்நீர்த் தூண் 10 முதல் 20 மீட்டர் வரை எழும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், திறந்தவெளிச் சிறையின் கைதிகள் அவ்வெந்நீரில் துணி துவைக்கப் போய்ச் சவர்க்காரமிட, ஊற்றுச் சீறியெழுந்து அவர்களை வெருட்டியதால் இவ்வுண்மை புலப்பட்டது.

ஊற்றுப் பீறிடும் முறை இது. நிலத்தடியில் ஒடுங்கிய குழாய் ஒன்றில் நீர் நிற்கின்றது. மேலுள்ள நீரின் எடை அழுத்துவதால் அடியிலுள்ள நீர் 100 பாகையைக் கடந்து சூடேறியும் கொதியாது அடங்கிக் கிடக்கும். யாதேனும் ஒரு காரணத்தால் மேல்நீர் சிறிது வழிந்துவிட்டால் அழுத்தம் குறையும். அடங்கியிருந்த நீர் நொடியில் ஆவியாகி, மேலுள்ள அனைத்தையும் தூக்கியெறியும். சவர்க்காரம் நீரின் பரப்பு இழுவிசையைக் குறைத்து இந்நிகழ்ச்சியை முந்திக்கொண்டு வரச் செய்கின்றது. சுற்றுலாவினரின் வசதிக்காக ஓர் ஊற்றை நாள்தோறும் எழுப்புவது எனக்கு உவப்பாயில்லை. உறங்குகின்றவனைக் கிச்சுக்கிச்சு மூட்டி எழுப்பி விருந்தினர்க்குக் காட்டுவது போன்றது அது.

அடுத்துள்ள வையோட்டாப்பு வண்ணங்களின் நிலம். ‘வை’ நீர், ‘டாப்பு’ புனிதம், புனித நீர்கள் என்பது பொருள். அங்குள்ள ஷாம்பெயின் குளம் ஏறத்தாழ 65 மீட்டர் அகலமும் 60 மீட்டருக்கு மேற்பட்ட ஆழமும் உடையது. ஏறக்குறைய 900 ஆண்டுகட்கு முன் நிகழ்ந்த நீராவி வெடிப்பால் தோன்றியது. மேற்பரப்பு நீரின் வெப்பம் 74 பாகை. அதில் ஓயாமல் எழும் குமிழிகள் கரியமில வளியால் ஆனவை. கரையைச் சுற்றி ஓடும் செம்மஞ்சள் விளிம்பு கண்ணைப் பறிக்கும். அவ்வழகு ஆர்செனிக், ஆன்டிமனி ஆகியவற்றின் சல்பைடுகளால் விளைந்தது என்று வழிகாட்டி கூறும்போது நீட்டிய கை தானே பின்வாங்கும். மஞ்சள் கந்தகத்தால், செம்மை இரும்பால், வெண்மை சிலிக்காவால் வந்தவை. அருகில் கொதிசேற்றுக் குளம் ஒன்று, களிமண் கூழ் காய்ச்சுவது போலத் தளதளத்துக்கொண்டிருக்கும். அமில ஆவி பாறையையே அரித்துக் களிமண்ணாக்கிய இடம் அது. இங்கெல்லாம் அமைக்கப்பட்ட பாதையை விட்டு ஓரடியும் விலகலாகாது. மேலோடு திடமாகத் தோன்றும். அடியில் கொதிநீர் இருக்கும்.

அங்கிருந்து வைமங்குப் பள்ளத்தாக்கிற்குச் செல்வர். இப்பள்ளத்தாக்கு பிறந்த நாள் நமக்குத் தெரியும் என்பது இதன் தனிச்சிறப்பு. 1886-ஆம் ஆண்டு ஜூன் 10 பின்னிரவில் தாரவேரா மலை வெடித்தது. 17 கி.மீ. நீளத்திற்கு நிலம் பிளந்தது. சிற்றூர்கள் சேற்றிலும் சாம்பலிலும் புதையுண்டன. ஏறத்தாழ 120 பேர் மாண்டனர். அவருள் மிகப் பெரும்பாலோர் மாவோரி மக்கள்.

அதற்கு முன் அப்பகுதியில் இளஞ்சிவப்பு, வெள்ளை என இரு படிக்கட்டுப் பாறைகள் இருந்தன. வெந்நீரில் கரைந்திருந்த சிலிக்கா நூற்றாண்டுகளாகப் படிந்து படிந்து ஆனவை. அவற்றைக் காண ஐரோப்பாவிலிருந்து மாதக்கணக்கில் கப்பலேறி வந்தனர். வழிகாட்டும் உரிமை டூஹௌராங்கி மரபினரிடம் இருந்தது. அவ்வருவாயால் அவர்கள் எத்துணைச் செழித்தனர் என்பதற்கு ஒரு சான்று: ஹினேமிகி என்னும் தம் மன்றத்தின் செதுக்குருவங்களுக்குச் சிப்பிக்கு மாறாகத் தங்க நாணயங்களையே கண்களாகப் பதித்தனர். ஓர் இரவில் அனைத்தும் போயின. அவர்தம் வழிகாட்டியருள் தலைசிறந்த சோஃபியா ஹினேராங்கி அன்றிரவு தம் குடிலுள் அறுபதுக்கு மேற்பட்டோரைச் சேர்த்துக் காத்தார். செங்குத்தான கூரையும் வலிய சுவரும் கொண்ட அக்குடில் சேற்றுமழையைத் தாங்கி நின்றது. பகலில் அயலார்க்கு வழிகாட்டியவர் இரவில் தம்மவர்க்கு உயிர்காட்டினார்.

அப்பிளவிலிருந்து பிறந்ததே வைமங்கு. ‘கரிய நீர்’ என்பது பெயர்ப்பொருள். 1900 முதல் 1904 வரை இங்கே ஓர் ஊற்று 400 மீட்டர் உயரம் வரை சேறும் கல்லும் கலந்து பீறிட்டது. உலகில் அறியப்பட்ட ஊற்றுகளுள் அதுவே மிகப் பெரியது. 1903 ஆகஸ்டு 30 அன்று, எச்சரிக்கையையும் மீறி அணுகி நின்ற நால்வரை அது அடித்துக்கொண்டு போயிற்று. இறந்தோருள் ஒருவர் அங்கிருந்த வழிகாட்டியின் உடன்பிறந்தாரே. இன்று அவ்வூற்று இல்லை. இன்ஃபெர்னோ என்னும் வெளிர்நீலக் குளம் மட்டும் ஏறத்தாழ 38 நாள்களுக்கு ஒரு சுற்றாக நிறைந்து வழிவதும், பல மீட்டர் தாழ்வதுமாக இருக்கின்றது. அது நிறையும்போது அண்டையிலுள்ள வாணலி ஏரி குறைகின்றது. நிலத்தடியில் இரண்டிற்கும் உறவுண்டு.

மனிதன் எத்துணை நெருங்கலாம் என்னும் வினா பழங்கதையன்று. ரோட்டோருவாவுக்கு வடகிழக்கே கடலில் உள்ள ஃபகாரித் தீவிற்கும் நாள்தோறும் உலா நடைபெற்றது. 2019 நவம்பரில் அம்மலையின் எச்சரிக்கை நிலை உயர்த்தப்பட்டது, உலா நிற்கவில்லை. டிசம்பர் 9 பிற்பகலில் மலை வெடித்தபோது தீவில் 47 பேர் இருந்தனர்; 22 பேர் இறந்தனர். இருவர் வழிகாட்டிகள். அதன்பின் அத்தீவில் சுற்றுலாவினரை இறக்குவது நின்றுவிட்டது. இடர் உண்டென்று பொதுப்படக் கூறுவது வேறு. இன்று இவ்வளவு இடர் என்று அளந்து கூறி, வேண்டாதவர் திரும்பிச் செல்ல வழிவிடுவது வேறு. பின்னதே வழிகாட்டுதல்.

உலாவின் இறுதியில் நகரின் ஓரத்திலுள்ள ஃபகரேவரேவாச் சிற்றூரை அடைவர். 1886-இல் வீடிழந்த டூஹௌராங்கி மக்களுக்கு இவ்வூரார் இடம் தந்தனர். அவர்தம் வழியினர் இன்றும் இங்கேயே வாழ்கின்றனர். ஆவி எழும் துளையின்மேல் மரப்பெட்டியை வைத்து இறைச்சியும் கிழங்கும் வேகவைக்கின்றனர். கொதிநீர்க் குளத்தில் மக்காச்சோளத்தைக் கட்டித் தொங்கவிடுகின்றனர். வாய்க்கால் வழியே ஆறவிட்ட ஊற்றுநீரில் குளிக்கின்றனர். விறகின்றிச் சமையல்! நம் தாய்மார் கேட்டால் அவ்வூருக்கே குடிபெயர்ந்துவிடுவர்.

ஊரையடுத்து எழுவது போஹுட்டு ஊற்று. 30 மீட்டர் வரை, ஒரு நாளில் இருபது முறையளவும் எழும். இதற்குச் சவர்க்காரம் தேவையில்லை. ஆனால் இதுவும் அழிவின் விளிம்பைக் கண்டு மீண்டதுதான். நகரின் வீடுகளும் விடுதிகளும் குளிரைப் போக்க ஆழ்குழாய்கள் இறக்கி நிலத்தடி வெந்நீரை உறிஞ்சின. எடுத்தவர்க்கு எடுத்த மட்டும் இலாபம், யாருக்கும் கணக்கில்லை. நிலத்தடி அழுத்தம் தாழ, ஊற்றுகள் ஒவ்வொன்றாகத் தளர்ந்தன. 1979-இல் பப்பாகுரா ஊற்று எழுச்சியை நிறுத்திக்கொண்டது. 1986-இல் அரசு, போஹுட்டுவைச் சுற்றி 1.5 கி.மீ. தொலைவுக்குள் இருந்த ஆழ்குழாய்களை மூட ஆணையிட்டது. குளிரில் கணப்பிழந்த இல்லத்தார் கடுஞ்சினம் கொண்டனர். அவர் சினத்திலும் நியாயம் இல்லாமலில்லை. எனினும் நீர்மட்டம் உயர்ந்தது, ஊற்றுகள் பிழைத்தன. அவ்வாறு பிழைக்காதவையும் உள. 1958-இல் வைராக்கேயில் புவிவெப்ப மின்னிலையம் இயங்கத் தொடங்கியபின் அருகிருந்த ஊற்றுப் பள்ளத்தாக்கு அடங்கிப்போயிற்று. மின்சாரம் வேண்டும் என்போர்க்கு அது குறையாகப் படாது. எனக்கு அது ஒரு மொழி வழக்கொழிந்ததை ஒக்கும்.

ஃபகரேவரேவாவின் வழிகாட்டியருள் மகெரெட்டி என்பார் தனித்துக் குறிக்கத்தக்கவர். 1873-இல் பிறந்தவர், 1901-இல் இங்குவந்த ஆங்கில இளவரசருக்கு வழிகாட்டியவர். அயலார் தம் மக்களைப் பற்றி எழுதியன போதா என்று கருதிப் பின்னாளில் ஆக்ஸ்போர்டில் மானிடவியல் பயின்று, தம் மக்களின் வாழ்வியலை ஆய்வேடாக எழுதினார். அதனை அளிக்குமுன் 1930-இல் மறைந்தார். ஏடு 1938-இல் நூலாயிற்று. ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகம் 2025-இல் அவருக்கு எம்.ஃபில். பட்டம் வழங்கியது.

நியூசிலாந்திற்கும் நமக்கும் இடையே ஒரு தொடர்பும் இவ்விடத்தே சொல்லத்தக்கது. 1836-ஐ ஒட்டிய காலத்தில் வில்லியம் கொலன்சோ என்னும் சமயப் பணியாளர் வடதீவின் வடபகுதியில், மாவோரிப் பெண்டிர் ஒரு வெண்கலக் கலத்தில் உருளைக்கிழங்கு வேகவைப்பதைக் கண்டார். கலத்தின் விளிம்பில் எழுத்துகள் இருந்தன. பின்னர் அவை தமிழெழுத்துகள் என்று அறியப்பட்டன. முகையதீன் பக்சு என்பவரின் கப்பல் மணி என்பது அவற்றின் பொருள். நம் கடற்கரையூர்களில் இன்றும் வழங்கும் பெயர் அது. கப்பலின் நேரத்தை ஒலித்த மணி கவிழ்ந்து அடுப்பேறிக் கிழங்கு அவித்தது. கொலன்சோ அதனை ஓர் இரும்புப் பானைக்கு மாற்றாகப் பெற்றார். இன்று அது வெலிங்டன் நகரின் தே பாப்பா அருங்காட்சியகத்தில் உள்ளது.